மதீராத் தீவின் மதுவும் கரும்பும்

மாணவர்களே! அட்லாண்டிக் மாகடலில் போர்த்துகலுக்குரிய மதீராத் தீவுக்கு விடுமுறையில் செல்வோரை மதுவும் உணவும் காட்டும் சுற்றுலாக்கள் பல அழைக்கின்றன. கோப்பையை மட்டும் காட்டுவதை விடுத்து, மலைச்சரிவில் நீர் கொணரும் 'லெவாதா' என்னும் கால்வாய்களையும் காட்டுவதைத் தேர்தல் நன்று என்பேன். 15-ஆம் நூற்றாண்டில் அந்நீர் வளர்த்தது கரும்பு; தோட்டங்களில் உழைத்தோருள் அடிமைகளும் இருந்தனர். இன்று விருந்தினர் சுவைக்கும் கரும்புப்பாகு அப்பத்தை நீட்டும் வழிகாட்டி, அவர்களைப் பற்றியும் சொல்லுதல் வேண்டும். கரும்பு நலியத் திராட்சை ஓங்கிற்று. (சுவைப்பது பெரியோர் பாடு, கதை நமக்கு!) இந்தியாவை நோக்கிய கப்பல்களில் ஏறிய மதுப்பீப்பாய்கள் வெப்பக் கடல்களைக் கடந்து மீண்டபோது, மது கெடாது மேலும் சுவை பெற்றிருந்தது. பின்னர் வணிகர் அவ்வெப்பத்தைத் தீவிலேயே ஊட்டக் கற்றனர். தலைநகர் ஃபுன்ஷாலின் கிடங்குகளில், கூரையடி வெப்பத்தில், உயர்ந்த மது இன்றும் ஆண்டுக்கணக்கில் முதிர்கிறது.