எல்லைக்கோடும் திரைவரலாறும்: ஜே.சி.டேனியல் வாழ்வை முன்வைத்து

முன்னுரை

பாறசாலை, நெய்யாற்றின்கரை ஆகிய எல்லையோர ஊர்களில் தமிழும் மலையாளமும் நெடுங்காலமாகக் கலந்தே வழங்கி வருகின்றன. 1956 நவம்பர் 1இல் மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது அகத்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு இணைந்தன. திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரசு கோரிய நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்திலேயே நின்றது. அக்கோடு ஒரு கலைஞரின் பெயரை எவ்வாறு மறைத்தது என்பதை, மலையாளத்தின் முதல் திரைநாயகரான ஜே.சி.டேனியலின் (1900-1975) வாழ்வின்வழி இக்கட்டுரை ஆராய்கிறது.

திரைமுயற்சி

அகத்தீசுவரத்து நாடார் கிறித்தவக் குடும்பத்தைச் சார்ந்த டேனியல் களரிப் பயிற்சியில் தேர்ந்தவர். அக்கலையைப் பரப்பத் திரைப்படமே ஏற்ற கருவி எனக் கருதிய அவர், தம் நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் ‘திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ நிறுவனத்தைத் தொடங்கினார். எழுதி, இயக்கி, நாயகராகவும் நடித்து அவர் உருவாக்கிய ‘விகதகுமாரன்’ என்னும் பேசாப்படம் திருவனந்தபுரம் கேபிடல் அரங்கில் திரையிடப்பட்டது. அது வெளியான ஆண்டை 1928 என்பாரும் 1930 என்பாரும் உளர். திருவிதாங்கூரிலிருந்து இலங்கைக்குக் கடத்தப்படும் சிறுவனே இதன் கதைப்பொருள். தென்திருவிதாங்கூர் மக்கள் இலங்கைத் தோட்டங்களுக்குப் பிழைப்புத் தேடிச் சென்ற சூழல் இக்கதைக்களத்தோடு இணைத்து எண்ணத்தக்கது.

நாயகி ரோசி

நாயகியாக நடித்த பி.கே.ரோசி ஒடுக்கப்பட்ட சமூகத்தவர். தமிழும் மலையாளமும் விரவிய காக்காரிசி நாடகத்தில் நடித்தவர். அவர் நாயர் குலப்பெண்ணாகத் திரையில் தோன்றியதைப் பொறாத ஆதிக்க சாதியினர் அரங்கில் கலகம் விளைத்தனர், திரையும் கிழிக்கப்பட்டது. ஊரைவிட்டு வெளியேறிய ரோசி, பின்னர் நாகர்கோவில் பகுதியில் வாழ்ந்ததாக அறியப்படுகிறது. டேனியலும் பொருளிழந்து, தமிழகத்தில் பல் மருத்துவம் செய்து பிழைத்தார்.

எல்லையும் ஏற்பும்

முதுமையில் வறுமையுற்ற டேனியலுக்குக் கேரள அரசின் கலைஞர் உதவித்தொகை கிட்டவில்லை. அவர் தமிழகத்தைச் சார்ந்தவர் என்பதே அதற்குக் கூறப்பட்ட காரணம் என்பர். அவர் படமெடுத்த காலத்தில் அகத்தீசுவரமும் நெய்யாற்றின்கரையும் திருவனந்தபுரமும் ஒரே அரசின்கீழ் இருந்தன என்பது ஈண்டு நோக்கத்தக்கது. சேலங்காட்டு கோபாலகிருஷ்ணனின் எழுத்துகளே அவரை மீட்டெடுத்தன. டேனியல் 1975இல் மறைந்தார். கேரள அரசு 1992இல் அவர் பெயரால் திரைத்துறை விருதை நிறுவியது. 2013இல் வெளியான ‘செல்லுலாய்டு’ திரைப்படம் அவர் வாழ்வைச் சித்திரித்தது.

முடிவுரை

மலையாளத்தின் இரண்டாம் பேசாப்படமான ‘மார்த்தாண்டவர்மா’வைத் (1933) தயாரித்தவரும் நாகர்கோவிலைச் சார்ந்த சுந்தர்ராஜே ஆவார். எனவே மலையாளத் திரையின் தோற்றுவாயைத் தென்திருவிதாங்கூரின் இருமொழிச் சூழலிலிருந்து பிரித்தறிதல் இயலாது. தமிழ்த் திரை ஆய்வு இவர்களை மலையாளத்தார் என ஒதுக்க, கேரளம் டேனியலைத் தமிழர் என ஒதுக்கியது. 1956க்கு முற்பட்ட கலைவரலாற்றை அதற்குப் பிற்பட்ட எல்லைகளால் அளப்பதே இவ்விரு புறக்கணிப்புக்கும் வேராகும். வட்டார அடிப்படையில் அவ்வரலாற்றை மீளாய்வு செய்தல் தமிழாய்வாளர்தம் கடனாகும்.