மழைக்கு முந்திய வேலை

மாமல்லபுரத்துத் திரௌபதி ரதத்தைக் கூரை வேலைக்காரன் கண்ணால் பாருங்கள். நாலு பக்கமும் வழிந்து இறங்கும் கூரை, உச்சியில் ஒரே முனை. அசல் ஓலைக் குடிசை. பக்கத்தில் பீம ரதம், மூங்கிலை வளைத்து வேய்ந்த நீளக் கொட்டகை மாதிரி. ஏழாம் நூற்றாண்டுப் பல்லவத் தச்சன் பாறையில் செதுக்கிய அந்த வாட்டத்தைத்தான் திருக்கழுக்குன்றத்தில் என் தாத்தா கீற்றில் கட்டினார்.

அவர் காலத்தில் கூரைக்கு மாதம் உண்டு. பங்குனியில் தொடங்கினால் ஆடிக்குள் முடித்துவிடுவார்கள். ஐப்பசி அடைமழையில் ஏறினால் பனங்கை வழுக்கும். ஈரத்தோடு அடுக்கிய கீற்று மக்கும்.

தகரம் அந்தக் கணக்கைக் குலைத்தது. 1829இல் லண்டனில் ஹென்றி பாமர் நெளி இரும்புத் தகட்டுக்குக் காப்புரிமை வாங்கினார். 1837இல் பிரான்சில் சொரேல் இரும்புக்குத் துத்தநாகம் பூசும் முறைக்குக் காப்புரிமை வாங்கினார். நெளிவு பலம் தந்தது, துத்தநாகம் துருவைத் தள்ளிப்போட்டது. கிடங்குக்கும் ரயில்வே ஷெட்டுக்கும் ஆன தகரம் எங்கள் பக்கத்துக் குடிசைமேல் ஏற வெகுகாலம் பிடித்தது. 2004 ஜூலை 16இல் கும்பகோணம் பள்ளியில் கீற்றுக் கொட்டகை எரிந்து 94 குழந்தைகள் மாண்டார்கள். கீற்று என்றாலே ஜனங்களுக்குப் பயம் வந்தது. அந்த டிசம்பரில் சுனாமி. அதற்குப் பிறகு என் பட்டறைக்கு ஷீட் கேட்டு வந்தவர்கள்தான் அதிகம்.

ஷீட்டை எப்போது வேண்டுமானாலும் போடலாம் என்று ஜனங்கள் நினைத்தார்கள். அதனால் கூரை வேலை மழைக்காலத்துக்குள் வந்து விழுந்தது. ஆனால் தகரத்துக்கும் ஈரம் ஆகாது. நனைந்த ஷீட்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி வைத்தால், காற்றுப் புகாத இடத்தில் துத்தநாகம் வெள்ளையாகப் பூக்கும், வெள்ளைத் துரு. ஓட்டை போடும்போது சிதறும் இரும்புத்தூளைத் துடைக்காமல் விட்டால், ஒரே ராத்திரி மழையில் கலர் ஷீட் முழுக்கக் காவிப் புள்ளி. கடலோரத்து உப்புக்காற்றில் ஷீட்டுக்கு முன்னால் அதைப் பிடித்திருக்கும் ஜே போல்ட்டே அரித்துவிடும்.

காற்றின் திசையும் பார்க்க வேண்டும். ஐப்பசி, கார்த்திகையில் இங்கே வாடைக்காற்று. வடக்குப் பார்த்த இணைப்பில் அது சாரலை ஏற்றிவிடும். அதனால் தெற்கு ஓரத்தில் தொடங்கி, முந்தின ஷீட்டின் மேல் அடுத்ததை ஏற்றி, வடக்கே முடிப்போம். நெளி ஷீட்டில் போல்ட் மேட்டில்தான் இறங்க வேண்டும். பள்ளத்தில் இறக்கினால் தண்ணீருக்கு நாமே வழி விடுவதாகும்.

2022 டிசம்பர் 9 இரவு மாண்டஸ் புயல் மாமல்லபுரம் அருகே கரை கடந்தது. கூரை பறந்த வீட்டுக்காரரிடம் பஞ்சாங்கம் பேச முடியாது. அப்படிப்பட்ட நாளில் தார்ப்பாய் கட்டிக் கொடுத்துவிட்டு, வெயில் அடித்ததும் ஷீட் ஏற்றுகிறேன். மற்றவர்களை ஆடிக்குள் வரச் சொல்கிறேன். தாத்தாவின் மாதக் கணக்கு தகரத்துக்கும் பொருந்தும்.