நீடித்த துயரக் கோளாறு

நெருங்கிய ஒருவரை இழந்த துயரம் மாதங்கள் பல கடந்தும் தணியாமல், முதல் நாளின் வேகத்திலேயே நின்று அன்றாட வாழ்வை முடக்கும் மனநலக் கோளாறு இது. இதை இனங்காண்பதில் நாட்காட்டிக்குப் பெரிய பங்கு உண்டு. 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த உலக சுகாதார நிறுவனத்தின் 11ஆம் நோய் வகைப்பாட்டுப் பட்டியல், இழப்புக்குப் பின் குறைந்தது 6 மாதம் கடந்திருக்க வேண்டும் என்கிறது. அதே ஆண்டில் திருத்தி வெளியிடப்பட்ட அமெரிக்க மனநல மருத்துவச் சங்கத்தின் கையேடு, பெரியவர்களுக்கு 12 மாதம், குழந்தைகளுக்கு 6 மாதம் என்று வரையறுக்கிறது. அந்தந்தச் சமூகத்தின் துக்க வழக்கத்தையும் மதத்தையும் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும் என்பதை இரண்டுமே வலியுறுத்துகின்றன.

இறந்தவரைப் பற்றிய ஏக்கமோ நினைவோ நாள்தோறும் மனத்தை அடைத்துக்கொண்டிருப்பது இதன் முதன்மை அறிகுறி. இறந்ததை நம்ப மறுப்பது, அவரை நினைவூட்டும் இடங்களைத் தவிர்ப்பது, தன்னில் ஒரு பகுதி போய்விட்டதாக உணர்வது, உணர்வே மரத்துப்போவது ஆகியனவும் சேரும். மனச்சோர்வில் எல்லாவற்றின் மீதும் பற்று விட்டுப்போகும். இங்கோ மனம் முழுவதும் ஒரே ஒருவரைச் சுற்றியே நிற்கும். இயற்கையான மரணங்களில் துக்கப்படுவோரில் ஏறத்தாழ பத்தில் ஒருவருக்கு இது வரலாம் என்று 2017இல் வெளிவந்த ஒரு தொகுப்பாய்வு மதிப்பிட்டது. இயற்கைக்கு மாறான மரணங்களில் விகிதம் இதைவிட மிக அதிகம்.

குமரிக் கடற்கரையில்

கன்னியாகுமரி மாவட்டம் இந்த நூற்றாண்டில் இரண்டு பெருந்துயரங்களைக் கண்டது. இரண்டிலும் காலம் ஒரே மாதிரி நடந்துகொள்ளவில்லை. 2004 டிசம்பர் 26 அன்று சுனாமி குளச்சல், கொட்டில்பாடு, மணக்குடி ஊர்களை அடித்தது. இறந்தவர்களில் பலரின் உடல் கிடைத்தது. குளச்சலில் ஒரே குழியில் பலரைச் சேர்த்துப் புதைத்தார்கள். அந்தத் துயரத்துக்கு ஒரு நாளும் ஓர் இடமும் உண்டு. ஆண்டுதோறும் அந்த நாளில் அங்கே மெழுகுவர்த்தி ஏற்றி, பேர் சொல்லி அழ முடிகிறது. குறிப்பிட்ட நாள் நெருங்கும்போது துயரம் மீண்டும் எழுவதை மனநல மருத்துவம் 'ஆண்டுநிறைவு எதிர்வினை' என்று அழைக்கிறது. அது நோயல்ல.

2017 நவம்பர் 30 அன்று குமரிமுனைக்குத் தெற்கே கடந்த ஒக்கி புயலில் நடந்தது வேறு. நீரோடி முதல் இரையுமன்துறை வரையுள்ள தூத்தூர் வட்டார ஊர்களின் மீனவர்கள் வாரக்கணக்கில் ஆழ்கடலில் தங்கித் தொழில் செய்பவர்கள். கரையில் கொடுத்த எச்சரிக்கை அவர்களில் பலரை எட்டவில்லை. புயலுக்குப் பிறகு லட்சத்தீவிலும் மகாராஷ்டிரத்திலும் குஜராத்திலும் படகுகள் ஒதுங்கின. இறந்துவிட்டதாக எண்ணப்பட்ட சிலர் உயிரோடு திரும்பினார்கள். எனவே காத்திருந்தவர்களின் நம்பிக்கையைப் பித்து என்று யாரும் சொல்லிவிட முடியாது. கிடைத்த உடல்களில் பல மரபணுச் சோதனையால்தான் இன்னாருடையவை என்று தெரிந்தன. பலரின் உடல் கிடைக்கவே இல்லை.

புயல் வீசிய அதே நவம்பர் மாதத்தின் 2ஆம் நாள், கத்தோலிக்கர்கள் இறந்தோரை நினைவுகூரும் கல்லறைத் திருநாள்.  ஊரே கல்லறைத் தோட்டத்தில் பூ வைக்கும் மாதத்தில், கல்லறை இல்லாத வீட்டார் எங்கே போய்ப் பூ வைப்பார்கள்? 6 மாதம், 12 மாதம் என்ற கணக்கு எந்த நாளில் தொடங்கும்? மருத்துவ வரையறை, மரணம் உறுதியான வீட்டை மனத்தில் வைத்து எழுதப்பட்டது. கரை திரும்பாதவரின் வீட்டுக்கு அது பொருந்தாது.

இந்நிலைக்கு அமெரிக்க ஆய்வாளர் பாலின் பாஸ் 'தெளிவற்ற இழப்பு' என்று பெயரிட்டார். வியட்நாம் போரில் காணாமல் போன விமானிகளின் குடும்பங்களிடம் 1970களில் அவர் செய்த ஆய்வில் இக்கருத்து உருவானது. இழப்பை முடித்துவைக்கச் சொல்லி வற்புறுத்துவது இத்தகையவர்களுக்குத் தீங்கு என்பது அவர் முடிவு. காணாமல் போனவர் உயிரோடு இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம் என்ற இரண்டையும் ஒருசேரத் தாங்கப் பழக்குவதே உதவி.

உறுதியான மரணத்தில் வரும் நீடித்த துயரத்துக்கு, ஏறத்தாழ 16 அமர்வுகள் கொண்ட தனிப் பேச்சுச் சிகிச்சை நல்ல பலன் தருவதாக 2005இல் வெளியான ஆய்வு காட்டியது. தமிழில் இலவச மனநல ஆலோசனை பெற டெலி மானஸ் தொலைபேசி எண் 14416 உண்டு.

சட்டமும் காத்திருப்பும்

ஒருவர் உயிரோடிருப்பதாக 7 ஆண்டுகளாகச் செய்தியே இல்லையென்றால் இறந்தவராகக் கருத இந்தியச் சாட்சியச் சட்டத்தின் 108ஆம் பிரிவு இடம் தந்தது. ஒக்கியில் காணாமல் போனவர்களின் குடும்பங்களுக்கு அந்தக் காத்திருப்பு இல்லாமல் தமிழக அரசு 20 லட்சம் ரூபாய் நிவாரணம் அறிவித்தது. வயிற்றுக்கு அது அவசியமான உதவி, குறை சொல்வதற்கில்லை. ஆனால் இறப்புச் சான்றிதழுக்கான விண்ணப்பத்தில் கையெழுத்திடும் மனைவி, தன் கணவன் இறந்துவிட்டான் என்று தானே ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது. இலங்கை 2016இல் சட்டத்தைத் திருத்தி, இறப்புச் சான்றிதழுக்குப் பதிலாகக் 'காணாமற்போனமைச் சான்றிதழ்' வழங்க வழிசெய்தது. சொத்து, வங்கிக் கணக்கு முதலியவற்றை அதைக் கொண்டு கையாளலாம். இறந்தார் என்று எழுதித் தர வேண்டியதில்லை. குமரிக் கடற்கரைக்கும் அப்படி ஒரு சான்றிதழ் வேண்டும்.