சாதிச் சான்றிதழ் செல்லாமையும் அரசுப் பணிப் பாதுகாப்பும்

இட ஒதுக்கீட்டின் கீழ் அரசுப் பணியில் சேர்ந்த ஒருவரின் சாதிச் சான்றிதழ் பிற்காலத்தில் செல்லாது என அறிவிக்கப்படும்போது, அவர் அப்பணியில் தொடரலாமா என்பது இந்தியப் பணிச் சட்டத்தில் நெடுங்காலமாக வழக்காடப்பட்டு வரும் ஒரு வினா ஆகும். மகாராட்டிர மாநிலத்தில் எழுந்த வழக்குகளே இது தொடர்பான சட்டநிலையைப் பெரிதும் வடிவமைத்துள்ளன.

பின்னணி

இந்திய அரசியலமைப்பின் 341, 342 ஆம் பிரிவுகளின்படி, பட்டியல் சாதிகளையும் பட்டியல் பழங்குடிகளையும் குடியரசுத் தலைவர் ஆணை மூலம் அறிவிக்கிறார். அப்பட்டியலில் ஒரு சாதியைச் சேர்க்கவோ நீக்கவோ நாடாளுமன்றத்துக்கு மட்டுமே அதிகாரம் உண்டு.

மகாராட்டிரத்தின் பழங்குடிப் பட்டியலில் 'ஹல்பா' என்னும் பெயர் உள்ளது. நாக்பூரை உள்ளடக்கிய விதர்பா பகுதியில் வாழும் 'கோஷ்டி' எனப்படும் நெசவாளர் சாதியினரில் பலர் தம்மை 'ஹல்பா கோஷ்டி' எனக் கூறி, ஹல்பா என்ற பெயரில் சான்றிதழ் பெற்றுக் கல்வியிலும் பணியிலும் சேர்ந்தனர். பெயர் ஒற்றுமையால் எழுந்த இத்தகைய உரிமைக் கோரல்களே பல வழக்குகளுக்குக் காரணமாயின.

சரிபார்ப்பு முறை

சாதிச் சான்றிதழை வருவாய்த் துறை அலுவலர்கள் வழங்குகின்றனர். அது உண்மையானதா என்பதைத் தனிக்குழு ஒன்று ஆராய வேண்டும் என 1994 ஆம் ஆண்டு குமாரி மாதுரி பாட்டீல் வழக்கில் உச்ச நீதிமன்றம் நெறிமுறைகளை வகுத்தது. பள்ளிப் பதிவேடு, பிறப்புப் பதிவு ஆகியவற்றுடன் அக்குடியின் வழிபாடு, திருமண முறை, இறப்புச் சடங்கு போன்ற வழக்கங்களும் ஆராயப்படும். தமிழ்நாட்டில் பழங்குடியினர் சான்றிதழ்களை ஆராயும் மாநில அளவிலான கூர்நோக்குக் குழுவும் இந்நெறிமுறைகளின் வழியில் அமைந்ததே.

நடைமுறையில் இச்சரிபார்ப்பு பெரும்பாலும் பணி நியமனத்துக்குப் பல ஆண்டுகள் கழித்தே முடிவடைகிறது. எனவே ஓய்வு பெறும் வயதை நெருங்கிய ஒருவர்கூடப் பணியை இழக்கும் நிலை உண்டாகிறது. கேரளத்தைச் சேர்ந்த விசுவநாத பிள்ளை வழக்கில் (2004), 27 ஆண்டுகள் பணியாற்றிய காவல்துறை அதிகாரியின் நியமனமே தொடக்கம் முதல் செல்லாதது என உச்ச நீதிமன்றம் கூறி, ஓய்வூதியப் பயன்களையும் மறுத்தது.

மிலிந்த் வழக்கு

2000 நவம்பர் 28 அன்று மிலிந்த் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியலமைப்பு அமர்வு, ஹல்பா கோஷ்டி என்பது ஹல்பா பழங்குடியின் பகுதி அன்று எனத் தீர்ப்பளித்தது. குடியரசுத் தலைவரின் ஆணையை உள்ளவாறே படிக்க வேண்டும் என்றும், அதை விரித்துப் பொருள் கொள்ள மாநில அரசுக்கோ நீதிமன்றங்களுக்கோ அதிகாரம் இல்லை என்றும் கூறியது. ஆயினும், அதுவரை இறுதியாகிவிட்ட கல்விச் சேர்க்கைகளும் நியமனங்களும் இத்தீர்ப்பால் பாதிக்கப்படா எனவும் அறிவித்தது. இவ்வொரு வாசகமே பின்னர் பணிப் பாதுகாப்புக் கோரியவர்களின் முதன்மை ஆதாரமாயிற்று.

2001 ஆம் ஆண்டுச் சட்டம்

மகாராட்டிரத்தின் சாதிச் சான்றிதழ் வழங்கல், சரிபார்ப்புச் சட்டம் 2001 அக்டோபர் 18 அன்று நடைமுறைக்கு வந்தது. இதன் முக்கியக் கூறுகள்:

* சாதியை மெய்ப்பிக்கும் பொறுப்பு சான்றிதழ் கோருபவரையே சாரும் (பிரிவு 8).
* சான்றிதழ் செல்லாது என முடிவானால் அதனால் பெற்ற பணி, கல்வி, நிதியுதவி ஆகியன திரும்பப் பெறப்படும் (பிரிவு 10).
* பொய்யான தகவல் தந்து சான்றிதழ் பெறுவோருக்கு 6 மாதம் முதல் 2 ஆண்டு வரை கடுங்காவல் தண்டனையோ தண்டமோ இரண்டுமோ விதிக்கலாம் (பிரிவு 11).

மாறுபட்ட தீர்ப்புகள்

கவிதா சோளுங்கே வழக்கில் (2012), மோசடி எதுவும் செய்யாத ஓர் ஆசிரியரை மீண்டும் பணியில் சேர்க்க உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. இவ்வழியில் 2014 இல் அருண் சோனோனே வழக்கில் மும்பை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, மோசடி செய்யாதோருக்குப் பணிப் பாதுகாப்பு அளிக்கலாம் எனக் கூறியது.

2017 சூலை 6 அன்று இந்திய உணவுக் கழகம் எதிர் ஜக்தீஷ் பலராம் பஹிரா வழக்கில் உச்ச நீதிமன்றம் இக்கருத்தை ஏற்கவில்லை. நீதிபதி டி. ஒய். சந்திரசூட் எழுதிய இத்தீர்ப்பின்படி, ஏமாற்றும் நோக்கம் இருந்ததா என்பது குற்றத் தண்டனைக்கே தேவையானது. பணியை இழப்பதற்கு அது தேவையன்று. தகுதியற்ற ஒருவர் பணியில் நீடிக்கும்போது, அவ்விடத்துக்கு உரிய உண்மையான பழங்குடியினர் ஒருவர் வாய்ப்பை இழக்கிறார் என்பதே இதன் அடிப்படை.

இதன் பின்னர் மகாராட்டிர அரசு 2019 டிசம்பர் 21 ஆம் நாளிட்ட ஆணை மூலம், சான்றிதழ் செல்லாதவர்களை 11 மாதங்களுக்குத் தற்காலிக மிகைப் பணியிடங்களுக்கு மாற்றியது. இதனால் ஒதுக்கீட்டு இடங்கள் காலியாயின. ஊழியர்களும் உடனடியாக வேலை இழக்கவில்லை.

கர்நாடக வழக்கு

அரசின் தவற்றால் சான்றிதழ் பெற்றவர்களின் நிலை வேறு. கர்நாடகத்தில் கோட்டேகாரர் முதலிய சில சாதியினருக்கு மாநில அரசின் சுற்றறிக்கைகளின்படி பட்டியல் சாதிச் சான்றிதழ் வழங்கப்பட்டது. அவ்வாறு சேர்க்க மாநிலத்துக்கு அதிகாரம் இல்லை. ஆயினும் 2024 ஆகத்து 28 அன்று கே. நிர்மலா எதிர் கனரா வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றம், மோசடியின்றிச் சான்றிதழ் பெற்ற இவ்வூழியர்களின் பணியைப் பாதுகாத்தது. மாநில அரசே முன்னர் இவர்களுக்குப் பாதுகாப்பு அளித்திருந்ததையும் கருத்திற் கொண்டது. எனினும் இவர்கள் அதன் பின் பொதுப் பிரிவினராகவே கருதப்படுவர். ஒதுக்கீட்டுச் சலுகைகளைப் பெற இயலாது.

இவற்றையும் பார்க்கவும்

* இட ஒதுக்கீடு
* பட்டியல் பழங்குடிகள்
* இந்திய உச்ச நீதிமன்றம்