அறுபது வருடச் சக்கரம்: காலத்துக்கு ஒரு திருவிழா

கற்பனை உலகங்களைப் படைக்கும் எழுத்தாளர்கள் அந்த உலகத்துக்கென்று தனி காலண்டரும், காலத்தைக் கொண்டாட விழா நாட்களும் உருவாக்குவது உண்டு. டோல்கீன் தன் ஹாபிட்டுகளுக்காக மாதம், நாள் எல்லாம் கணக்குப் போட்டு வைத்தார். ஆனால் இதைப் பார்க்கக் கற்பனை உலகத்துக்குப் போக வேண்டியதில்லை. நெய்வேலியில் ஒரு வீட்டுச் சுவரில் தொங்கும் தினசரி காலண்டரே போதும். ஆங்கில வருடத்தோடு விசுவாவசு, பராபவ என்று ஒரு பெயரும் அதில் இருக்கும். அந்தப் பெயருக்குப் பின்னால் பெரிய கதை இருக்கிறது!

சக்கரம் எப்படிச் சுற்றுகிறது?

பிரபவ முதல் அட்சய வரை மொத்தம் 60 பெயர்கள். 60 முடிந்ததும் மறுபடி பிரபவ. இப்போது ஓடும் சுற்று 1987 சித்திரையில் தொடங்கியது. அதற்கு முந்தையது 1927, அதற்கும் முந்தையது 1867.

ஏன் 60? வியாழன் வானத்தை ஒருமுறை சுற்ற ஏறக்குறைய 12 வருடம் ஆகிறது. சனிக்கு ஏறக்குறைய 30 வருடம். வியாழன் ஐந்து சுற்றும், சனி இரண்டு சுற்றும் முடிக்கும்போது 60 வருடம் ஆகிவிடும். இரண்டு கிரகங்களும் கிட்டத்தட்ட பழைய இடத்துக்கே வந்து நிற்கும். சீனர்களிடமும் 60 வருடச் சுற்று ஒன்று உண்டு.

சரித்திரத்துக்கு வந்த தலைவலி

1876 முதல் 1878 வரை சென்னை மாகாணத்தை ஒரு பெரும் பஞ்சம் உலுக்கியது. லட்சக்கணக்கானவர்கள் செத்தார்கள். ஊரை விட்டுப் போனவர்கள் பலர். கிராமத்து மக்கள் அதை 1876 என்று நினைவில் வைக்கவில்லை. "தாது வருஷப் பஞ்சம்" என்றுதான் பேரப்பிள்ளைகளுக்குச் சொன்னார்கள்.

சொன்னவரின் காலத்தில் இதில் குழப்பம் இல்லை. ஆனால் தாது வருடம் 1936-லும் வந்தது, 1996-லும் வந்தது! வெறும் பெயரை வைத்துக்கொண்டு ஒரு சம்பவம் எந்த நூற்றாண்டில் நடந்தது என்று சொல்ல முடியாது. இந்தச் சங்கடம் பழையவர்களுக்கும் தெரிந்திருந்தது. விஜயநகர காலக் கல்வெட்டுகளில் வருடப் பெயரோடு சக ஆண்டின் எண்ணும் சேர்ந்து வருவதைப் பார்க்கலாம்.

20-ஆம் நூற்றாண்டில் தமிழறிஞர்கள் பலர் இந்தச் சக்கரத்தையே எதிர்த்தார்கள். பெயர்கள் எல்லாம் வடமொழி. போதாக்குறைக்கு, நாரதர் பெண்ணாக மாறி 60 பிள்ளைகள் பெற்றார், அவர்களே இந்த 60 வருடங்கள் என்று ஒரு புராணக் கதை வேறு. தொடர்ந்து எண்ணிக்கொண்டே போகும் ஆண்டு வேண்டும் என்ற அந்த எண்ணத்திலிருந்து வந்ததுதான் திருவள்ளுவர் ஆண்டு. ஆங்கில வருடத்தோடு 31 கூட்டினால் அது கிடைக்கும்.

சண்டை அதோடு நிற்கவில்லை. 2008 ஜனவரியில் தை முதல் நாளே தமிழ்ப் புத்தாண்டு என்று தமிழக அரசு சட்டம் கொண்டு வந்தது. ஆட்சி மாறியதும் 2011 ஆகஸ்டில் அந்தச் சட்டம் ரத்தாகி, புத்தாண்டு சித்திரைக்கே திரும்பியது. காலம் எங்கே தொடங்குகிறது என்று சட்டசபையே இரண்டு முறை முடிவு செய்திருக்கிறது!

காலனை உதைத்த ஊர்

அறிஞர்கள் சொன்ன குறைகள் நியாயமானவைதான். இருந்தும் சக்கரம் சாகவில்லை. காரணம், அது சரித்திரத்தை அளக்கும் கருவி இல்லை, மனித ஆயுளை அளக்கும் கருவி. ஒருவர் பிறந்த வருடத்தின் பெயர் மறுபடி வர 60 வருடம் ஆக வேண்டும். அன்று நடப்பதுதான் மணிவிழா. பிள்ளைகளும் பேரன் பேத்திகளும் சூழ்ந்து நிற்க, மனைவி கழுத்தில் மறுபடி தாலி கட்டுவார் தாத்தா.

இதற்குப் பெயர் போன ஊர் மயிலாடுதுறை மாவட்டத்தில் உள்ள திருக்கடையூர். மார்க்கண்டேயனுக்காக சிவன் எமனை உதைத்த தலம் அது. தமிழில் எமனுக்கு இன்னொரு பெயர் காலன்! காலனை உதைத்த இடத்தில் போய், காலம் ஒரு சுற்று முடிந்ததைக் கொண்டாடுகிறார்கள். இதைவிடப் பொருத்தமான காலத் திருவிழாவை எந்தக் கதாசிரியர் கற்பனை செய்ய முடியும்?

நெய்வேலியின் ஒரு சுற்று

இனி இந்தச் சக்கரத்தை நெய்வேலிக்கே வைத்துப் பார்க்கலாம். 1957 மே 20-ஆம் தேதி இங்கே சுரங்கம் வெட்டும் பணியை நேரு தொடங்கி வைத்தார். அது ஏவிளம்பி வருடம். சுரங்கத்துக்காகப் பல கிராமங்கள் இடம்பெயர்ந்தன. 1961 ஆகஸ்டில், பிலவ வருடத்தில், பழுப்பு நிலக்கரி கண்ணில் பட்டது. 1962 மே மாதம், சுபகிருது வருடத்தில், சோவியத் உதவியோடு கட்டிய முதல் அனல் மின் நிலையத்தின் முதல் யூனிட் ஓடத் தொடங்கியது.

2017-ல் ஏவிளம்பி திரும்ப வந்தது. 2021-ல் பிலவ வந்தது. 2022-ல் சுபகிருதுவும் வந்தது. ஆனால் அந்த மின் நிலையம் அதைப் பார்க்கவில்லை. 2020 செப்டம்பரோடு அதன் இயக்கம் நிறுத்தப்பட்டது. மணிவிழாவுக்கு இரண்டு வருடம் பாக்கி.

சக்கரம் திருப்பித் தருவது பெயரை மட்டும்தான். எரித்த நிலக்கரி எந்த வருடத்திலும் திரும்பாது. தோண்டிய ஊரும் அப்படித்தான். அதே ஏவிளம்பியில் பிறந்து, 2017-ல் மாலையும் கழுத்துமாக உட்கார்ந்திருந்த மனிதருக்கு மட்டும் சக்கரம் ஒரு சுற்று முழுதாகச் சுற்றியிருக்கிறது. அது எல்லோருக்கும் கிடைப்பதில்லை. அதனால்தான் அதை விழா எடுத்துக் கொண்டாடுகிறார்கள்!