பெர்னார்டு ஷ்ரீவர்: ஏவுகணையும் செயற்கைக்கோளும் வாங்கிய தளபதி

பெர்னார்டு அடால்ஃப் ஷ்ரீவர் (செப்டம்பர் 14, 1910 – ஜூன் 20, 2005) அமெரிக்க வான்படையின் நான்கு நட்சத்திரத் தளபதி. அமெரிக்காவின் முதல் கண்டம் விட்டுக் கண்டம் பாயும் ஏவுகணைகளும் முதல் உளவுச் செயற்கைக்கோள்களும் உருவாவதற்குப் பொறுப்பேற்று நடத்தியவர். பெரிய போர்க்களம் எதையும் வென்றவர் என்று வரலாறு அவரை நினைவுகூர்வதில்லை. படைத்துறைக் கொள்முதல் என்ற, பலரும் கவனிக்காத துறையில்தான் அவர் பெயர் நிலைத்தது.

கொள்முதல் என்றதும் கடையில் பொருள் வாங்குவது நினைவுக்கு வரலாம். படைத்துறையில் அதன் பொருள் வேறு. இன்னும் கண்டுபிடிக்கப்படாத ஒரு கருவி எப்படி இருக்க வேண்டும் என்று வரையறுப்பது, அதை உருவாக்கும் நிறுவனங்களைத் தேர்ந்தெடுப்பது, பணம் ஒதுக்குவது, சோதிப்பது, இறுதியில் படையினர் கையில் ஒப்படைப்பது ஆகிய அனைத்தும் அதில் அடங்கும். இந்த நீண்ட வேலையை ஐந்தே ஆண்டுகளில் முடிக்க முடியும் என்று ஷ்ரீவர் காட்டினார். அந்த வேகத்திற்கு ஒரு விலையும் இருந்தது.

இளமையும் கல்வியும்

ஷ்ரீவர் செருமனியின் பிரேமன் நகரில் பிறந்தார். தந்தை கப்பல் பொறியாளர். முதல் உலகப்போரின்போது அவர் பணியாற்றிய கப்பல் நியூயார்க் துறைமுகத்தில் முடங்கியதால், 1917-இல் தாய் தம் இரு மகன்களுடன் அமெரிக்கா வந்து சேர்ந்தார். குடும்பம் டெக்சாசு மாநிலத்தில் குடியேறியது. அடுத்த ஆண்டே தந்தை தொழிற்கூட விபத்தில் இறந்தார். தாய் கோல்ஃப் திடலருகே சிற்றுண்டிக் கடை நடத்திப் பிள்ளைகளை வளர்த்தார்.

டெக்சாசு ஏ அண்ட் எம் கல்லூரியில் 1931-இல் பட்டம் பெற்ற ஷ்ரீவர், 1933-இல் விமானியானார். 1942-இல் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் வானூர்திப் பொறியியலில் முதுநிலைப் பட்டம் பெற்றார். இரண்டாம் உலகப்போரில் பசிபிக் முனையில் குண்டுவீச்சு விமானங்களில் பறந்தார். பின்னர் பராமரிப்பு, வழங்கல் பணிகளைக் கவனித்தார். போர் முடிந்ததும் வான்படைத் தலைவர் ஹென்றி ஆர்னால்டு, அறிவியலாளர்களுக்கும் படைக்கும் இடையே தொடர்பாளராக இருக்கும் பொறுப்பை அவருக்கு அளித்தார். பிற்காலப் பணிகளுக்கு அடித்தளமாக அமைந்தது இந்தப் பொறுப்புதான்.

திருப்புமுனை: 1953

1952 நவம்பரில் அமெரிக்கா வெடித்துச் சோதித்த முதல் ஹைட்ரஜன் வெடிகருவி 60 டன்னுக்கும் மேல் எடையுள்ளது. அதை ஏவுகணையில் வைக்க முடியாது. ஆனால் 1953 மார்ச்சில் வான்படை அறிவியல் ஆலோசனைக் குழுக் கூட்டத்தில், ஜான் வான் நியூமன், எட்வர்டு டெல்லர் ஆகிய இருவரும் சில ஆண்டுகளில் இந்தக் குண்டு வெகுவாக எடை குறையும் என்றனர். அதன் பொருளை உடனே உணர்ந்தவர்களுள் ஷ்ரீவர் ஒருவர். குண்டின் எடை குறைந்தால் ஏவுகணையும் சிறிதாகும். குண்டின் ஆற்றல் பெரிதாக இருப்பதால், இலக்கிலிருந்து இரண்டு மூன்று கடல்மைல் தள்ளி விழுந்தாலும் போதும். முன்பு 1,500 அடிக்குள் விழ வேண்டும் என்று விதித்திருந்ததால் இயலாததாகத் தோன்றிய திட்டம், இப்போது இயலக்கூடியதாக மாறியது.

வான் நியூமன் தலைமையிலான குழு 1954 பிப்ரவரியில் இதையே அறிக்கையாக அளித்தது. சோவியத் ஒன்றியம் முந்திவிடும் என்ற அச்சம் அப்போது வலுவாக இருந்தது. வான்படைச் செயலரின் சிறப்பு உதவியாளர் டிரெவர் கார்ட்னர், இத்திட்டத்தை நடத்த ஷ்ரீவரைத் தேர்ந்தெடுத்தார்.

பள்ளிக் கட்டடத்தில் ஓர் இரகசிய அலுவலகம்

மேற்கு மேம்பாட்டுப் பிரிவு என்ற பெயரில் புதிய அலுவலகம் 1954 ஜூலை 1 அன்று தொடங்கப்பட்டது. கலிபோர்னியாவின் இங்கிள்வுட் நகரில், முன்பு கத்தோலிக்கப் பள்ளியாக இருந்த கட்டடமே அதன் இடம். அங்கே என்ன நடக்கிறது என்று அண்டை வீட்டாருக்குத் தெரியக்கூடாது என்பதற்காக, அதிகாரிகள் சீருடை இன்றிப் பொது உடையில் வந்து போயினர். ஆகஸ்ட் மாதம் ஷ்ரீவர் தலைமை ஏற்றார்.

அவர் சந்தித்த முதல் தடை தொழில்நுட்பம் அன்று, கோப்புகள். ஒவ்வொரு முடிவும் நாற்பதுக்கும் மேற்பட்ட அலுவலகங்களின் ஒப்புதலைப் பெற வேண்டியிருந்தது. 1955 ஜூலையில் ஷ்ரீவர் குழுவினர் குடியரசுத் தலைவர் ஐசனோவரிடம் நேரில் விளக்கினர். செப்டம்பரில் இத்திட்டம் நாட்டின் தலையாய முன்னுரிமை பெற்றது. நவம்பரில் ஏற்கப்பட்ட கில்லெட் நடைமுறைகள் ஒப்புதல் நிலைகளைச் சுமார் பத்தாகக் குறைத்தன.

ஷ்ரீவரின் செயல்முறையை மூன்று கூறுகளாகப் பிரித்துக் காணலாம்.

முதலாவது, உடன்நிகழ்வு. வடிவமைப்பு முடிந்தபின் சோதனை, சோதனை முடிந்தபின் உற்பத்தி, அதன்பின் தளம் கட்டுதல் என்பதே வழக்கமான வரிசை. ஷ்ரீவர் இவை அனைத்தையும் ஒரே காலத்தில் தொடங்கினார். ஏவுகணை பறந்து பார்ப்பதற்கு முன்பே அதற்கான தளங்களின் வேலையும் வீரர்களுக்கான பயிற்சியும் தொடங்கிவிடும்.

இரண்டாவது, இணைவழி. கான்வேர் நிறுவனம் அட்லசு ஏவுகணையைச் செய்துகொண்டிருக்கும்போதே, அது தோற்றால் துணைநிற்க மார்ட்டின் நிறுவனத்திடம் டைட்டன் ஏவுகணை ஒப்படைக்கப்பட்டது.

மூன்றாவது, ஒருங்கிணைப்புக்கெனத் தனி அமைப்பு. சைமன் ராமோ, டீன் உல்ட்ரிட்ச் ஆகியோரின் நிறுவனம், எல்லா ஒப்பந்த நிறுவனங்களின் வேலையையும் தொழில்நுட்ப நோக்கில் மேற்பார்த்தது. மாதந்தோறும் ஒரு சனிக்கிழமை, எங்கே எது தடைப்பட்டிருக்கிறது என்று வெளிப்படையாகப் பேசும் கூட்டம் நடந்தது. அதற்குக் கருப்புச் சனி என்றே பெயர் வந்துவிட்டது.

தோல்விகளும் வெற்றிகளும்

நடுத்தரத் தொலைவு ஏவுகணையான தோர், 1957 ஜனவரியில் நடந்த முதல் முயற்சியிலேயே ஏவுதளத்தில் வெடித்தது. ஜூன் மாதம் முதல் அட்லசும் பறந்த சிறிது நேரத்தில் அழிந்தது. செப்டம்பரில் தோரும் டிசம்பரில் அட்லசும் வெற்றி கண்டன. 1959 இலையுதிர்காலத்தில் வாண்டன்பர்க் தளத்தில் அட்லசு பணிக்குத் தயாராக நின்றது. அலுவலகம் தொடங்கி ஐந்து ஆண்டுகள் ஆகியிருந்தன. திட எரிபொருளில் இயங்கும் மினிட்மேன் ஏவுகணை 1958-இல் தொடங்கப்பட்டு, 1962 அக்டோபரில் கியூபா நெருக்கடி நடந்துகொண்டிருந்தபோது பணிக்கு வந்தது.

விண்வெளியை நோக்கி

உளவுச் செயற்கைக்கோள் திட்டமும் 1956-இல் ஷ்ரீவரின் அலுவலகத்திற்கு மாற்றப்பட்டது. ஏவுகணைகளையே ஏவூர்திகளாகப் பயன்படுத்த வேண்டியிருந்ததால் இது இயல்பான முடிவு. 1957 பிப்ரவரியில் சான் டியாகோ நகரில் பேசிய அவர், எதிர்காலத்தில் நாட்டின் பாதுகாப்பு விண்வெளியில் பெறும் மேலாண்மையைப் பொறுத்தது என்றார். இனி உரைகளில் விண்வெளி என்ற சொல்லையே பயன்படுத்த வேண்டாம் என்று மேலிடத்திலிருந்து அவருக்கு உத்தரவு வந்தது. அக்டோபர் 4 அன்று சோவியத் ஒன்றியம் ஸ்புட்னிக்கை ஏவியபின் நிலைமை தலைகீழானது.

1958-இல் ஒப்புதல் பெற்ற கொரோனா உளவுச் செயற்கைக்கோளை மைய உளவு நிறுவனமும் வான்படையும் இணைந்து நடத்தின. வெளியுலகிற்கு அது டிஸ்கவரர் என்ற அறிவியல் திட்டம். ஒன்றன்பின் ஒன்றாகப் பன்னிரண்டு முயற்சிகள் தோற்றன. 1960 ஆகஸ்டில் பதின்மூன்றாவது கலம் கடலிலிருந்து மீட்கப்பட்டது. அதே மாதத்தில் பதினான்காவது கலத்தின் படச்சுருளை விமானம் நடுவானிலேயே கவ்விப் பிடித்தது. அந்த ஒரு சுருளில் பதிவான சோவியத் நிலப்பரப்பு, அதுவரை யு-2 உளவு விமானங்கள் எடுத்த படங்கள் அனைத்திலும் இருந்ததைவிட அதிகம். சோவியத் ஏவுகணைகளின் எண்ணிக்கை அஞ்சிய அளவுக்கு இல்லை என்பது இத்தகைய படங்களால்தான் தெளிந்தது. அதாவது, அச்சத்தில் பிறந்த ஓர் அலுவலகத்தின் செயற்கைக்கோள், அந்த அச்சம் மிகையானது என்று காட்டியது.

வேகத்தின் விலை

சோதனையும் உற்பத்தியும் ஒரே காலத்தில் நடந்ததால், சோதனையில் குறை தெரிந்தபோதெல்லாம் ஏற்கெனவே கட்டிய தளங்களையும் கருவிகளையும் மாற்ற வேண்டி வந்தது. செலவு ஏறியது. அட்லசும் முதல் டைட்டனும் சில ஆண்டுகளே பணியில் இருந்து 1965-க்குள் விலக்கப்பட்டன. நிலவறைத் தளங்களில் விபத்துகளும் நேர்ந்தன. 1965 ஆகஸ்டில் ஆர்க்கன்சா மாநிலத்தில் இரண்டாம் டைட்டன் நிலவறை ஒன்றில் மாற்றப் பணி நடந்தபோது தீப்பற்றி 53 தொழிலாளர்கள் இறந்தனர். இதற்கு ஒரு தனி மனிதரையோ ஒரு செயல்முறையையோ மட்டும் காரணமாகக் கூற முடியாது. ஆயினும் வேகமாகக் கட்டிப் பின்னர் திருத்தும் பணியில் உள்ள ஆபத்தை இது உணர்த்துகிறது.

மேற்பார்வை நிறுவனம் பற்றியும் கேள்வி எழுந்தது. அரசுக்கு ஆலோசனை சொல்லும் தனியார் நிறுவனம், தன் வணிக நலனையும் பார்க்காதா என்று நாடாளுமன்றக் குழு கேட்டது. அதன் விளைவாக 1960-இல் இலாப நோக்கமற்ற ஏரோஸ்பேஸ் கார்ப்பரேஷன் உருவாக்கப்பட்டது.

இன்னொரு முரணும் உண்டு. இடைநிலை அலுவலகங்களைத் தாண்டி மேலிடத்துடன் நேரடித் தொடர்பு வேண்டும் என்பது ஷ்ரீவரின் கொள்கை. 1960-இல் சாமோசு உளவுச் செயற்கைக்கோள் திட்டத்திற்கு அதே முறை பின்பற்றப்பட்டது. திட்ட இயக்குநர் நேராக வான்படைச் செயலரிடமே அறிக்கை அளித்தார். இம்முறை தாண்டப்பட்ட இடைநிலை அலுவலகம் ஷ்ரீவருடையது.

பிற்காலமும் மரபும்

1961 ஏப்ரலில் அமைந்த வான்படை அமைப்புகள் கட்டளையகத்தின் தலைவரான ஷ்ரீவர், அவ்வாண்டு ஜூலையில் நான்கு நட்சத்திர நிலைக்கு உயர்ந்தார். வீரர்கள் தங்கிப் பணிபுரியும் படைத்துறை விண்வெளி ஆய்வகத் திட்டத்திற்கும் தலைமை வகித்தார். பாதுகாப்புச் செயலர் மெக்னமாராவின் காலத்தில் முடிவெடுக்கும் அதிகாரம் மீண்டும் மேலிடத்தில் குவிந்தது. 1966-இல் ஷ்ரீவர் ஓய்வு பெற்றார். அந்த ஆய்வகத் திட்டம் 1969-இல் கைவிடப்பட்டது.

அணு ஆயுதம் சுமக்க வாங்கிய பொருள்கள் வேறு பணிகளுக்கும் உதவின. 1962-இல் ஜான் கிளென் புவியைச் சுற்றியது அட்லசின் மீதுதான். தோரிலிருந்து வளர்ந்த டெல்டா ஏவூர்தி, 1982-இல் இந்தியாவின் இன்சாட்-1ஏ செயற்கைக்கோளைச் சுமந்தது. மினிட்மேன் திட்டத்தை நடத்திய தளபதி சாமுவேல் பிலிப்சு, பின்னர் அப்பல்லோ நிலவுத் திட்டத்தின் இயக்குநரானார்.

1998-இல் கொலராடோவில் உள்ள வான்படைத் தளத்திற்கு, அவர் உயிருடன் இருக்கும்போதே அவர் பெயர் சூட்டப்பட்டது. ஜிபிஎஸ் செயற்கைக்கோள்கள் இயக்கப்படுவது அங்கிருந்துதான்.

பிற்காலத்தில் பல நாடுகளின் பெருந்திட்டங்கள் உடன்நிகழ்வு முறையைக் கையாண்டன. ஷ்ரீவருக்கு வாய்த்த தெளிவான ஒற்றை இலக்கு, தடையற்ற நிதி, குறுகிய அதிகாரப் படிகள், தோல்வியை வெளிப்படையாகப் பேசும் வழக்கம் ஆகிய நான்கும் சேர்ந்து அமையாத இடத்தில், அதே முறை செலவையும் காலத்தாழ்வையுமே தரக்கூடும். ஷ்ரீவரின் பணிவாழ்வைப் படிப்போர் அவருடைய வேகத்தோடு இந்த நான்கையும் சேர்த்தே கணக்கில் கொள்ள வேண்டும்.