ஸ்காட்லாந்தின் ‘ஸ்னோபால்’ கேக்... வீட்டிலேயே செய்யலாம், ஆனா தேங்காய் விஷயத்துல உஷார்!

தூரத்தில் இருந்து பார்த்தால் பெரிய சைஸ் தேங்காய் லட்டு மாதிரிதான் இருக்கும். கடித்தால்தான் விஷயம் புரியும். முதலில் பல்லில் படுவது தேங்காய்த்துருவல். அதற்கு அடியில் மெல்லிசாக ஒரு சர்க்கரைப் பூச்சு. அப்புறம் பிஸ்கட்டும் இல்லாமல் கேக்கும் இல்லாமல் நடுவாந்தரமாக ஒரு மெது பன், நடுவில் புளிப்பு கலந்த ராஸ்பெர்ரி ஜாம். ஸ்காட்லாந்து பேக்கரிகளில் ‘ஸ்னோபால்’ என்று கேட்டால் எடுத்துத் தருவது இதைத்தான்.

பீட்டர், கேக் டின், க்ரீம் எதுவும் வேண்டாம். ரெண்டு கை போதும். இதுவரை பேக்கிங் பக்கமே போகாதவர்களும் தைரியமாக ஆரம்பிக்கலாம்.

ஒரே பேர்... ரெண்டு பண்டம்!

ரெசிப்பி தேடும்போதே ஒரு குழப்பம் வரும். சில வீடியோக்களில் மாவு பிசைகிறார்கள். சிலதில் மாவே இல்லாமல் மார்ஷ்மெல்லோ அடிக்கிறார்கள். எது ஒரிஜினல்? ரெண்டுமே ஸ்காட்லாந்து சரக்குதான். பேக்கரியிலும் வீட்டிலும் செய்வது ஜாம் வைத்த பன். பாக்கெட்டில் வருவது, மார்ஷ்மெல்லோ உருண்டைக்கு மேல் சாக்லேட்டும் தேங்காயும் போட்டது. கிளாஸ்கோவுக்குப் பக்கத்தில் அடிங்ஸ்டன் என்ற ஊரில் 1890-ல் ஆரம்பித்த டன்னக்ஸ், கோட்பிரிட்ஜில் இருக்கும் லீஸ் ஆகிய ரெண்டு கம்பெனிகளும் இந்த வகைக்குப் பிரபலம்.

இந்த பாக்கெட் ஸ்னோபாலுக்குப் பின்னால் ஒரு செம வழக்கு இருக்கிறது. பிரிட்டனில் கேக்குக்கு வாட் வரி கிடையாது. மிட்டாய் வகைகளுக்கு 20 சதவிகிதம் உண்டு. ‘மாவே இல்லாத ஸ்னோபால் எப்படி கேக் ஆகும்? வரியைக் கட்டு’ என்றது வரித்துறை. ரெண்டு கம்பெனிகளும் தீர்ப்பாயத்துக்குப் போயின. அங்கே ஜாஃபா கேக், டீ கேக், மெரிங்கு எல்லாம் அடுக்கிய ஒரு தட்டில் ஸ்னோபாலையும் வைத்து, விசாரித்தவர்களே சாப்பிட்டுப் பார்த்தார்கள். (இப்படி ஒரு வேலை நமக்குக் கிடைக்குமா?) இதை நடந்துகொண்டே சாப்பிட முடியாது, உதிரும் தேங்காயைப் பிடிக்க ஒரு தட்டோ பேப்பரோ வேண்டும், உட்கார்ந்து டீயோடு சாப்பிடும் பண்டம் என்பதெல்லாம் அலசப்பட்டு, 2014-ல் ‘ஸ்னோபால் கேக்தான்’ என்று தீர்ப்பு வந்தது. கம்பெனிகளுக்குத் திரும்ப வேண்டிய வரிப்பணம், சுமார் 28 லட்சம் பவுண்டு!

வீட்டில் மார்ஷ்மெல்லோ அடிக்க பாகு பதம், ஜெலட்டின், தெர்மாமீட்டர் என்று ஏகப்பட்ட தலைவலி. அதனால் இங்கே பார்க்கப்போவது ஜாம் வைத்த பேக்கரி ஸ்னோபாலை மட்டும்தான்.

தேங்காய் எங்கிருந்து வந்தது?

தென்னை மரமே இல்லாத ஊரில் தேங்காய் கேக் எப்படி பாரம்பர்யம் ஆனது என்று தோன்றலாம். தேங்காயைக் கப்பலில் முழுசாக ஏற்றினால் பாதி வழியிலேயே பல காய்கள் கெட்டுப்போகும். 19-ம் நூற்றாண்டின் கடைசியில், இலங்கையில் தேங்காயைத் துருவி, உலர்த்தி, பெட்டியில் அடைத்து அனுப்பும் ஆலைகள் வந்தன. மாதக்கணக்கில் கெடாத அந்த வெள்ளைத் துருவல் பிரிட்டன் பேக்கரிகளுக்குச் சுலபமாகக் கிடைத்தது. ஸ்னோபால் மேலே இருக்கும் ‘பனி’ இந்தத் துருவல்தான். உள்ளே இருக்கும் ஜாம் மட்டும் பக்கா லோக்கல். ஸ்காட்லாந்தின் பெர்த்ஷையர், ஆங்கஸ் பகுதிகள் ராஸ்பெர்ரிக்குப் பேர்போனவை.

இந்தக் கதையைச் சொல்ல ஒரு காரணம் இருக்கிறது. ‘வீட்லதான் தேங்காய் இருக்கே’ என்று பச்சைத் தேங்காயைத் துருவிப் போட்டுவிடாதீர்கள். நான் முதல் தடவை அதைத்தான் செய்தேன். சாயங்காலம் அழகாக இருந்தது, மறுநாள் காலையில் டப்பாவைத் திறந்தால் புளித்த வாடை! பச்சைத் தேங்காயில் கிட்டத்தட்ட பாதி தண்ணீர். பேக்கரியில் பயன்படுத்தும் உலர் துருவலில் அது 3 சதவிகிதம் அளவுக்குத்தான் இருக்கும். ஈரத் துருவல் சர்க்கரைப் பூச்சைக் கரைத்து வழிய விடும், கேக்கையும் ஊறவைத்துக் கெடுக்கும். கடையில் ‘டெசிகேட்டட் கோகனட்’ என்று கேட்டு வாங்குங்கள். கிடைக்காவிட்டால், பழுப்புத் தோல் விழாமல் வெள்ளைப் பகுதியை மட்டும் துருவி, அடிகனமான வாணலியில் மிகக் குறைந்த தீயில் நிறம் மாறாமல் ஈரம் போக வறட்டி, ஆறவைத்துக்கொள்ளலாம். ஆனால், இதை அன்றைக்கே சாப்பிட்டு முடித்துவிட வேண்டும். கொப்பரை வேண்டாம். எண்ணெய் வாசனை தூக்கலாக இருக்கும்.

செய்யலாமா?

தேவையானவை (10 ஸ்னோபாலுக்கு): மைதா - 225 கிராம், பேக்கிங் பவுடர் - 2 டீஸ்பூன், உப்பு - ஒரு சிட்டிகை, குளிர்ந்த வெண்ணெய் - 100 கிராம், பொடித்த சர்க்கரை - 75 கிராம், முட்டை - 1, பால் - 1 அல்லது 2 டேபிள்ஸ்பூன், ஜாம் - 5 டேபிள்ஸ்பூன். மேலே பூச: ஐசிங் சுகர் - 200 கிராம், வெந்நீர் - 3 டேபிள்ஸ்பூன், உலர் தேங்காய்த்துருவல் - 150 கிராம்.

மைதா, பேக்கிங் பவுடர், உப்பு மூன்றையும் சலித்து, வெண்ணெயைத் துண்டுகளாக்கிப் போட்டு விரல் நுனியால் பிசிறுங்கள். புட்டு மாவு பதம் தெரியும் இல்லையா? பிடித்தால் பிடிபட வேண்டும், உதிர்த்தால் உதிர வேண்டும். அந்தப் பதம் வந்ததும் சர்க்கரையைக் கலந்து, அடித்த முட்டையை ஊற்றிச் சேருங்கள். மாவு ஒன்றாகத் திரளும் அளவுக்கு மட்டும் பால் போதும். சப்பாத்தி மாவு மாதிரி அழுத்திப் பிசைந்தால் பன் கல்லாகிவிடும். முட்டை வேண்டாம் என்பவர்கள் 3 டேபிள்ஸ்பூன் கெட்டித் தயிர் சேர்க்கலாம். கொஞ்சம் அடர்த்தியாக வரும், ருசிக்குக் குறைவில்லை.

மாவை 20 உருண்டைகளாக, பெரிய நெல்லிக்காய் அளவில் உருட்டுங்கள். நம் ஊர் வெயிலில் வெண்ணெய் சீக்கிரம் இளகிவிடும். அப்படியே பேக் செய்தால் உருண்டை பரவி தட்டை பிஸ்கட் ஆகிவிடும். அதனால் உருட்டியதை 20 நிமிடம் ஃப்ரிட்ஜில் வையுங்கள். பிறகு பட்டர் பேப்பர் போட்ட டிரேயில், நடுவில் ரெண்டு விரல் இடைவெளி விட்டு அடுக்குங்கள். அழுத்தித் தட்டையாக்க வேண்டாம்.

180 டிகிரி செல்சியஸில் சூடாக்கி வைத்த அவனில் 12 முதல் 15 நிமிடம். அடிப்பக்கம் லேசாகப் பொன்னிறம், மேலே வெளிறிய நிறம்... அவ்ளோதான், எடுத்துவிடலாம். மேலேயும் சிவக்கட்டும் என்று காத்திருந்தால் உள்ளே வறண்டுவிடும். அவன் இல்லையா? அடிகனமான பாத்திரத்தில் உப்பைப் பரப்பி, ஸ்டாண்ட் வைத்து, மூடி 10 நிமிடம் சூடாக்குங்கள். பிறகு தட்டில் நாலைந்து உருண்டைகளாக வைத்து, குறைந்த தீயில் 20 முதல் 25 நிமிடம். அடி சீக்கிரம் சிவக்கும், 18-வது நிமிடத்திலேயே ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

இனிதான் பொறுமை வேண்டும். பன் முழுசாக ஆற வேண்டும், குறைந்தது ஒரு மணி நேரம். சூட்டோடு ஐசிங்கில் முக்கினால் எல்லாம் உருகி தட்டில் குளமாக நிற்கும். ஆறியதும் தட்டைப் பக்கத்தில் அரை டேபிள்ஸ்பூன் ஜாம் தடவி, இன்னொன்றை ஒட்டி, 15 நிமிடம் அப்படியே விடுங்கள். ராஸ்பெர்ரி ஜாம் கிடைத்தால் சூப்பர், அதன் புளிப்புதான் மேலே இருக்கும் சர்க்கரையைச் சரிக்கட்டும். மிக்ஸட் ஃப்ரூட் ஜாம்தான் இருக்கிறது என்றால் சில சொட்டு எலுமிச்சைச் சாறு கலந்துகொள்ளுங்கள். தித்திப்பு திகட்டாது.

ஐசிங் சுகரில் வெந்நீரைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கலக்குங்கள். தோசை மாவு பதம் சரியாக இருக்கும். கெட்டியாக இருந்தால் அப்பிக்கொள்ளும், நீர்த்துப்போனால் தேங்காய் ஒட்டாது. ஒரு கையால் ஐசிங்கில் முக்கி, சொட்டு வடிந்ததும் தேங்காய்த் தட்டில் போட்டு, ஈரம் படாத இன்னொரு கையால் உருட்டுங்கள். ரெண்டுக்கும் ஒரே கையைப் பயன்படுத்தினால் மூன்றாவது ஸ்னோபாலுக்குள் விரல்களே ஸ்னோபால் ஆகிவிடும். ஒவ்வொன்றாக முக்கி உடனே உருட்டுவது முக்கியம். ஐசிங் காய்ந்தபிறகு என்ன தூவினாலும் உதிரும்.

ஒரு மணி நேரம் காற்றில் விட்டால் பூச்சு இறுகும். சொல்லப்போனால், செய்த அன்றைவிட மறுநாள் இன்னும் நன்றாக இருக்கும். ஜாமின் ஈரம் பன்னுக்குள் இறங்கி மெதுவாகியிருக்கும். காற்றுப்புகாத டப்பாவில் 2 அல்லது 3 நாள் தாங்கும். சாப்பிடும்போது மட்டும் கீழே ஒரு தட்டு வைத்துக்கொள்ளுங்கள். சோபாவில் விழுந்த தேங்காய்த்துருவலைப் பொறுக்கிய அனுபவத்தில் சொல்கிறேன்.